ராஜாவுக்குப் பட்டா, கொப்பரைக்கு அனுபோகம்: தெற்கு ஜார்ஜியா பயணக் குறிப்புகள்

செவ்வாய், திறந்த கடலில்

பூர்வகுடிகள் இல்லாத தீவில் ஒரு வசதி உண்டு. அங்குள்ள ஒவ்வொரு பெயருக்கும் ஜாதகம் இருக்கும். யார் வைத்தார், எந்த ஆண்டில், எதற்காக என்று ஏறக்குறைய எல்லாவற்றையும் தேடிப் பிடித்துவிடலாம். நம் ஊர்ப் பெயர்களில் பாதிக்குத் தலபுராணம்தான் சாட்சி. தெற்கு ஜார்ஜியாவுக்குக் கப்பல்களின் நாட்குறிப்புகள் சாட்சி.

பால்க்லாந்து தீவுகளின் ஸ்டான்லியில் கப்பல் ஏறியதிலிருந்து அக்காவும் நானும் வரவேற்பறைச் சுவரில் மாட்டியிருக்கும் கடல் வரைபடத்தை விட்டு நகரவில்லை. மற்றவர்கள் அதில் பென்குயின் எங்கே இருக்கிறது என்று தேடுகிறார்கள். நான் பள்ளியில் புவியியல் நடத்தியவள். அக்கா தாலுகா அலுவலகத்தில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவள். எந்த வரைபடத்தைப் பார்த்தாலும் எனக்கு முதலில் மலையும் காற்றும் தெரியும், அவளுக்கு எல்லைக் கல்லும் உடைமைக்காரரும் தெரிவார்கள்.

முதலில் மலையும் காற்றும். தெற்கு ஜார்ஜியா 54 பாகைத் தென் அட்சத்தில், ஸ்டான்லிக்குக் கிழக்கே சுமார் 1,400 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. நீளம் சுமார் 165 கிலோமீட்டர். அகலம் மிகவும் குறைவு. நடுவே முதுகெலும்பாக அல்லர்டைஸ் மலைத்தொடர். அதன் உச்சியான பேஜெட் சிகரம் 2,900 மீட்டரைத் தாண்டுகிறது. தென்மேற்குக் கரை ஓயாத மேற்குக் காற்றையும் அலையையும் நேராக நெஞ்சில் வாங்குகிறது. வடகிழக்குக் கரை மலையின் மறைவில் இருக்கிறது. பெயர் சொல்லும்படியான துறைமுகங்கள் அநேகமாக எல்லாம் இந்த மறைவுப் பக்கத்தில்தான். இதே 54 பாகையை வடக்கே எடுத்துக்கொண்டால் வட இங்கிலாந்து வரும். அங்கே ஆடு மேய்கிறது, தோட்டம் போடுகிறார்கள். இங்கே ஒரு மரம் இல்லை. அண்டார்க்டிக்கின் குளிர்ந்த நீர் வடக்கிலிருந்து வரும் வெப்பமான நீரைச் சந்தித்து அதன் அடியில் அமிழும் கோடு தீவுக்கு வடக்கே ஓடுகிறது. தீவு குளிர்ந்த பக்கத்தில் மாட்டிக்கொண்டது.

இனி உடைமைக்காரர்கள். 1675இல் ஆன்டனி டி லா ரோஷே என்ற லண்டன் வணிகரின் கப்பல் ஹார்ன் முனையருகே புயலில் அடித்துச் செல்லப்பட்டு, பனிமலைகள் சூழ்ந்த ஒரு விரிகுடாவில் ஒதுங்கியது. அதன் பிறகு சில வரைபடங்களில் ‘ரோஷே தீவு’ தோன்றியது. 1756இல் லியோன் என்ற ஸ்பானியக் கப்பல் ஜூன் மாதக் கடைசியில் இங்கே வந்தது. புனித பேதுருவின் திருநாள் சமயம், ஆகவே சான் பெத்ரோ. அர்ஜென்டீனா இன்றுவரை இந்தத் தீவை அப்படித்தான் அழைக்கிறது. 1775 ஜனவரியில் ஜேம்ஸ் குக் ரெசல்யூஷன் கப்பலில் வந்து, மூன்றாம் ஜார்ஜ் மன்னரின் பெயரால் ‘ஜார்ஜியா தீவு’ என்று எழுதினார். நிலைத்தது கடைசிப் பெயர்தான்.

“கடைசியாக வந்தவர் பெயரிலா பட்டா?” என்றாள் அக்கா.

“இறங்கிக் கொடி நட்டவர் பெயரில்” என்றேன். அவளுக்கு அது திருப்தியாக இல்லை.

புதன், கடலில்

காலையில் பனிமூட்டம். கடல்நீரின் வெப்பநிலை சில மணி நேரத்தில் சரிந்ததைத் திரையில் காட்டினார்கள். கோட்டைத் தாண்டிவிட்டோம். மதியத்துக்குப் பிறகு ஷாக் பாறைகள் தெரிந்தன. கடலிலிருந்து நேராகக் கிளம்பும் கூர்கூரான சில கற்கள், அவற்றின் மேல் நீர்க்காகங்கள், கீழே ஓயாத நுரை. தீவுக்கு இன்னும் 240 கிலோமீட்டர் இருக்கிறது.

மீதி நாள் முழுக்கத் துப்புரவு வேலை. நாளை கரையிறங்க வேண்டுமானால் காலணி, கால்சட்டை விளிம்பு, பை, கேமரா முக்காலி என்று எல்லாவற்றையும் தேய்த்து, உறிஞ்சு கருவியால் சுத்தம் செய்து காட்ட வேண்டும். ஒட்டுப்பட்டைகளில் சிக்கியிருக்கும் புல்விதைகளை ஊசியால் குத்தி எடுக்கிறோம். அக்காவின் கம்பளிக் காலுறையிலிருந்து ஒரு விதை வந்தது; அது எந்த நாட்டு விதை என்று பக்கத்து மேஜையில் பெரிய விவாதம். இந்தக் கெடுபிடிக்குக் காரணம் இருக்கிறது. சீல் எனும் கடல்நாய்களை வேட்டையாட வந்த கப்பல்களிலிருந்து இறங்கிய எலிகள் இரண்டு நூற்றாண்டுகளாகப் பறவைக் குஞ்சுகளைத் தின்று தீர்த்தன. 2011 தொடங்கி 2015 வரை ஹெலிகாப்டர்களில் நச்சுத் தீனி தூவி அவற்றை ஒழித்து, 2018இல் எலியில்லாத தீவு என்று அறிவித்தார்கள். நார்வேக்காரர்கள் இறைச்சிக்காகக் கொண்டுவந்து விட்ட கலைமான்களையும் அதே காலத்தில் அகற்றினார்கள். அடுத்த எலி என் பையில் வந்துவிடக் கூடாது அல்லவா!

வியாழன், தீவுகள் விரிகுடா

குக் வந்த வழியிலேயே எங்கள் கப்பலும் போகிறது. வடமேற்கு முனையில் தொடங்கி, கரையை வலப்புறம் வைத்துக்கொண்டு தென்கிழக்கே. இது தற்செயல் அல்ல. காற்று மேற்கிலிருந்து வருகிறது, மறைவு கிழக்கே இருக்கிறது. பாய்மரமோ டீசலோ, எல்லாருக்கும் இதுதான் வழி.

காலையில் சாலிஸ்பரி சமவெளியில் இறங்கினோம். ராஜ பென்குயின்களைப் பற்றி நான் ஒன்றும் எழுதப்போவதில்லை. படங்களை அக்கா குடும்பக் குழுவில் போட்டிருக்கிறாள், கணக்கில்லாமல். நாற்றத்தைப் படம் பிடிக்க முடியாது, அவ்வளவுதான்.

மாலையில் கப்பல் பொசெஷன் விரிகுடாவின் வாயருகே மெல்லப் போனது. 1775 ஜனவரி 17 அன்று குக் இங்கே இறங்கினார். கொடியை ஏற்றி, துப்பாக்கிகளை வெடித்து, மன்னர் பெயரால் நாட்டைத் தனதாக்கிக்கொண்டார். விரிகுடாவின் பெயரே அதுதான், உடைமையாக்கிய விரிகுடா. ஆனால் அவர் எழுதிவைத்ததைப் படித்தால் வேண்டாத சொத்தை வாங்கியவர் குரல்தான் கேட்கிறது. பள்ளத்தாக்குகளில் நிரந்தரப் பனி, மரமே இல்லை, பல் குத்தும் குச்சி செய்யக்கூட ஒரு செடி கிடையாது என்று குறைப்படுகிறார்.

“பார்வையிட்டதும் அவரே, உத்தரவு போட்டதும் அவரே, எதிர்த்துச் சொல்ல ஆட்சேபதாரரும் இல்லை” என்றாள் அக்கா. “பென்குயினுக்கு நோட்டீஸ் கொடுத்தார்களாமா?”

பக்கத்து வளைவுக்குக் குக்கின் பெயர். அதற்குள் ஒரு சிறு துறைமுகம். அதற்கு நார்வே இளவரசர் ஓலாவின் பெயர். அங்கே 1911 முதல் 1931 வரை திமிங்கில எண்ணெய் காய்ச்சிய நிலையமோ ஓர் ஆங்கிலேயக் கம்பெனியுடையது. ஆங்கிலேயர் பெயருக்குள் நார்வேயர் பெயர், அதற்குள் ஆங்கிலேயர் முதல். இந்தக் கரை முழுவதும் இப்படித்தான்.

வெள்ளி, ஸ்ட்ராம்னஸ் விரிகுடா

ஒரே விரிகுடாவுக்குள் அடுத்தடுத்து மூன்று துறைமுகங்கள். லீத், ஸ்ட்ராம்னஸ், ஹஸ்விக். மூன்றிலும் திமிங்கில நிலையங்கள் இருந்தன. லீத் என்பது அங்கே நிலையம் நடத்திய சால்வெசன் கம்பெனியின் சொந்த ஊர், ஸ்காட்லாந்தில் இருக்கிறது. ஸ்ட்ராம்னஸ் ஸ்காட்லாந்துக்கு வடக்கே ஆர்க்னித் தீவுகளில் உள்ள துறைமுகம். ஹஸ்விக் நார்வே மொழி, வீட்டுக் குடா என்று பொருள். ஸ்ட்ராம்னசையும் ஹஸ்விக்கையும் பிரிக்கும் முனைக்கு நார்வேயின் திமிங்கில வேட்டை நகரமான டான்ஸ்பெர்க்கின் பெயர். இங்கே மன்னர்கள் குறைந்து ஊர்கள் வரத் தொடங்குகின்றன. வேலைக்கு வந்தவன் தன் ஊர்ப் பெயரைத்தான் கொண்டுவருவான். அவனிடம் வேறு என்ன இருக்கும்?

நிலையங்களுக்கு இருநூறு மீட்டருக்குள் நெருங்கக் கூடாது. கல்நார் தூசு, எந்நேரமும் பறக்கக்கூடிய துருப்பிடித்த தகரம். ரப்பர் படகிலிருந்து லீத்தைப் பார்த்தோம். எண்ணெய்த் தொட்டிகள், சாய்ந்த கூரைகள், மனிதர்கள் இருந்த இடத்தில் எல்லாம் ரோம சீல்கள். 1982 மார்ச் 19 அன்று பழைய இரும்பு எடுக்க வந்த அர்ஜென்டீனக் குழு இந்த லீத்தில்தான் தங்கள் நாட்டுக் கொடியை ஏற்றியது. இரண்டு வாரத்தில் பால்க்லாந்து போர். குக் செய்ததையே இவர்களும் செய்தார்கள், இருநூறு ஆண்டு தாமதமாக.

அண்டார்க்டிக் பயணத் தலைவர் ஷாக்கில்டனின் கதையை எல்லாரும் எழுதிவிட்டார்கள். 1916 மே மாதம், அண்டார்க்டிக்கை ஒட்டிய யானைத் தீவிலிருந்து ஒரு சிறு படகில் சுமார் 1,300 கிலோமீட்டர் கடந்து தென்மேற்குக் கரையில் கிங் ஹாக்கன் விரிகுடாவில் ஒதுங்கி, மலையைத் தாண்டி மே 20 அன்று ஸ்ட்ராம்னஸ் நிலையத்துக்குள் மூன்று பேராக நடந்து வந்தார்கள். எனக்கு அதில் பிடித்த இடம் வேறு. அவர்கள் கையில் இருந்த வரைபடத்தில் கரை மட்டும்தான் இருந்தது. உள்நாடு வெள்ளைத் தாள். பள்ளத்தாக்கு எங்கே, பனியாறு எங்கே என்று எதுவும் கிடையாது. கரையில் இத்தனை பெயர்கள் வைத்தவர்களுக்கு உள்ளே போகத் தேவையே ஏற்படவில்லை. சீலும் திமிங்கிலமும் மலையில் இல்லையே!

அந்த வெள்ளைத் தாளை நிரப்பியவர் டங்கன் கார்ஸ். 1951 முதல் 1957 வரை பலமுறை வந்து, சறுக்கு வண்டி இழுத்து அளந்தார். அவருடைய அளவைக்குப் பிறகுதான் ஷாக்கில்டன் கணவாயும் கிரீன் பனியாறும் வரைபடத்தில் வந்தன. டாம் கிரீன் அந்த மூவரில் ஒருவர், அயர்லாந்துக்காரர், கடற்படையில் சாதாரண மாலுமியாகச் சேர்ந்தவர். தளபதிகளும் பிரபுக்களும் மொய்க்கும் வரைபடத்தில் அவர் பெயருக்கு ஒரு பனியாறு கிடைத்திருப்பது நியாயம்தான். கார்ஸ் ஒரு காலத்தில் பிபிசி வானொலித் தொடரில் துப்பறியும் நாயகனுக்குக் குரல் கொடுத்தவர் என்று வழிகாட்டி சொன்னபோது அக்கா சிரித்த சிரிப்பில் படகே ஆடியது.

சனி, கிரிட்விக்கன்

இதற்காகத்தான் வந்தேன்.

கப்பல் கம்பர்லாந்து விரிகுடாவுக்குள் நுழைகிறது. பெயர் வைத்தவர் குக். மன்னரின் தம்பியான கம்பர்லாந்து கோமகனுக்காக. உள்ளே விரிகுடா இரண்டாகப் பிரிகிறது, மேற்குக் கை, கிழக்குக் கை. நடுவே நீண்டிருக்கும் தீபகற்பத்துக்கு 1991 முதல் தாட்சர் தீபகற்பம் என்று பெயர். ஆமாம், அதே மார்கரெட் தாட்சர். இடப்புறம் பார்ஃப் தீபகற்பம். கிழக்குக் கையின் கோடியில் நார்டன்ஷால்ட் பனியாறு கடலில் இறங்குகிறது; பின்னால் பேஜெட் சிகரம், அதிசயமாக மேகம் இல்லாமல். தாட்சரின் இடுப்பில் ஒரு சிறு வளைவு. தாழ்வான ஒரு நாக்கு நிலம் அலையைத் தடுக்க, அதற்குள் கடல் குளமாக அடங்கிக் கிடக்கிறது. வெளியே நுரை பறக்கும் காற்று. உள்ளே நுழைந்ததும் தேநீர்க் கோப்பை மேஜையில் நிற்கிறது. இந்தக் கரையில் இதைவிட நல்ல துறைமுகம் இல்லை என்று இங்கே திமிங்கில ஆலை தொடங்கிய லார்சன் சொன்னதாகப் படிப்பதை விட, அந்தக் கோப்பையைப் பார்த்தால் போதும்.

வளைவுக்கு வரைபடத்தில் எட்வர்ட் மன்னர் குடா என்று பெயர். நாக்கு நிலம் எட்வர்ட் மன்னர் முனை. கரையில் உள்ள ஊர் மட்டும் கிரிட்விக்கன். கிரிட்டா என்றால் கொப்பரை, விக் என்றால் குடா. கொப்பரைக் குடா.

இந்த இரண்டு பெயர்களும் எப்படிப் பக்கத்தில் பக்கத்தில் வந்தன என்பதைச் சொல்ல வேண்டும். குக்கின் பயணநூல் வெளியானதும் சீல்களைப் பற்றிய செய்தி பரவி, 1786 முதல் வேட்டைக்காரர்கள் வந்தார்கள். ரோமத்துக்காக ரோம சீல். எண்ணெய்க்காக யானை சீல். 1820களின் தொடக்கத்தில் வந்த ஜேம்ஸ் வெடெல், அதற்குள் இங்கிருந்து எடுத்த ரோமத்தோல்கள் குறைந்தது 12 லட்சம் இருக்கும் என்று கணக்கிட்டார். அந்த வேட்டைக்காரர்கள் எந்தப் பெயரையும் வரைபடத்தில் பதிவு செய்யவில்லை. நல்ல வேட்டையிடத்தைப் போட்டிக்காரருக்குச் சொல்ல எவனுக்குத்தான் மனம் வரும்? அவர்கள் கரையில் விட்டுப் போனது கொப்பரைகளை.

1902இல் ஸ்வீடன் நாட்டு அண்டார்க்டிக் குழு வந்தது. நிலவியலாளர் குன்னர் ஆண்டர்சன், வரைபடக்காரர் சாமுவேல் டூசே, கப்பல் தலைவர் கார்ல் அன்டன் லார்சன். மே 1 அன்று நுழைந்த குடாவுக்கு மாய்விக்கன், அதாவது மே குடா என்று எழுதிக்கொண்டார்கள். இந்த வளைவுக்கு வந்தபோது கரையில் கொப்பரைகள் கிடந்தன. கிரிட்விக்கன் என்று எழுதினார்கள். கண்டதைச் சொல்லும் பெயர், வேறு பாசாங்கு இல்லை.

லார்சன் அந்த வளைவை மறக்கவில்லை. அவர் கப்பல் அடுத்த ஆண்டு அண்டார்க்டிக்கில் பனிக்கட்டியில் நசுங்கி மூழ்கியது. மீட்கப்பட்டு புவெனஸ் ஐரிஸ் வந்தவர் அங்கேயே முதல் திரட்டி ‘கம்பானியா அர்ஜென்டீனா டி பெஸ்கா’ என்ற கம்பெனியைத் தொடங்கி, 1904 நவம்பர் 16 அன்று கப்பல்களும் மரச்சட்டங்களும் ஆட்களுமாக இங்கே வந்து இறங்கினார். யாரிடமும் கேட்கவில்லை. அர்ஜென்டீனக் கம்பெனி, நார்வேத் தொழிலாளர், பிரிட்டன் உரிமை கோரும் மண். மறு ஆண்டே, முறைப்படி குத்தகை எடுத்த வேறொரு கம்பெனி வந்து பார்த்தால் அங்கே ஆலை ஓடுகிறது. புகார் போயிற்று. 1906இல் சாஃபோ என்ற போர்க்கப்பல் விசாரிக்க வந்தது.

இந்த இடத்தில் அக்கா நிமிர்ந்து உட்கார்ந்தாள். “புறம்போக்கில் ஆக்கிரமிப்பு. பிறகு ஆய்வு. பிறகு?”

பிறகு குத்தகை. 1906 முதல் லார்சன் கம்பெனி பிரிட்டனிடம் குத்தகைதாரர். போர்க்கப்பலின் தலைவர் ஹாட்ஜஸ், அவருடைய துணை அதிகாரி பார்ஃப். பார்ஃப் லார்சனின் உதவியோடு விரிகுடாவை வரைந்தார். அந்த பார்ஃப்தான் எதிரே உள்ள தீபகற்பம்; தலைக்கு மேல் நிற்பது ஹாட்ஜஸ் மலை. அதையொட்டித்தான் கொப்பரைக் குடா எட்வர்ட் மன்னர் குடா ஆயிற்று. தண்ணீர் மன்னர் பெயருக்குப் போக, கிரிட்விக்கன் என்ற பெயர் கரையேறி ஆலையோடு ஒட்டிக்கொண்டது.

“பட்டா ராஜா பெயரில், அனுபோகம் கொப்பரைக்காரன் பெயரில்” என்று தீர்ப்பு எழுதிவிட்டாள். இதைவிடச் சரியாக என்னால் சொல்ல முடியாது. நிலத்திலும் அது அப்படியே இருக்கிறது. 1909இல் முதல் மாஜிஸ்திரேட்டாக ஜேம்ஸ் இன்னஸ் வில்சன் நியமனமானார். பின்னால் முனையில் அவருக்குத் தனி வீடு கட்டினார்கள். இன்றும் அரசு அதிகாரிகளும் பிரிட்டிஷ் ஆய்வு நிலையமும் எட்வர்ட் மன்னர் முனையில். அருங்காட்சியகமும் தேவாலயமும் கல்லறையும் ஆலையும் கிரிட்விக்கனில். நடுவே கரையோரம் ஒரு பாதை. அதில் யானை சீல் குறுக்கே படுத்திருந்தால் நாம்தான் சுற்றிப் போக வேண்டும்.

இறங்கியதும் நேராகக் கல்லறைக்கு அழைத்துப் போனார்கள். சீல் நுழையாதபடி வெள்ளை வேலி. ஷாக்கில்டன் 1922 ஜனவரி 5 அன்று இந்தக் குடாவில் நின்ற குவெஸ்ட் கப்பலில் இறந்தார். மார்ச்சில் இங்கே அடக்கம். அவர் பக்கத்திலேயே 2011இல் அவருடைய பயணத் துணைவர் பிராங்க் வைல்டின் அஸ்தியை வைத்தார்கள். எல்லாரும் விஸ்கி ஊற்றி மரியாதை செலுத்தினார்கள். அக்கா தன் கோப்பையைப் பக்கத்திலிருந்த ஜெர்மன் தாத்தாவிடம் கொடுத்துவிட்டுத் திமிங்கிலத் தொழிலாளர்களின் கல்லறைகளைப் படிக்கப் போனாள். அநேகமாக இளைஞர்கள். அவர்களில் ஒருவர் பெயரும் எந்த மலைக்கும் இல்லை.

ஆலையில் கல்நாரை அகற்றிச் சுத்தம் செய்திருப்பதால் இங்கே மட்டும் நடந்து பார்க்கலாம். திமிங்கிலத்தை இழுத்து அறுத்த தளம், எலும்பு வேகவைத்த உருளைகள், கரையில் சாய்ந்த பெட்ரல் என்ற வேட்டைக் கப்பல். 1928இல் கட்டியது. மேல்தளத்திலிருந்து முன்முனையில் உள்ள பீரங்கி வரைக்கும் ஒரு நடைபாலம் ஓடுகிறது. திமிங்கிலம் தெரிந்ததும் சுடுபவர் இறங்கி ஏறாமல் நேராக ஓடுவதற்கு. 1904 முதல் 1965 வரை இந்தத் தீவில் அறுத்த திமிங்கிலங்கள் 1,75,000க்கும் மேல். எண்ணெய் செயற்கை வெண்ணெய்க்கும் சோப்புக்கும் போயிற்று. போர்க்காலத்தில் கிளிசரின் வழியாக வெடிமருந்துக்கும். லார்சன் வந்தபோது திமிங்கிலம் இந்த விரிகுடாவுக்குள்ளேயே கிடைத்ததாம். வெளியே போகத் தேவையில்லை.

ஆலையை விட எனக்கு முக்கியமானது அருங்காட்சியகத்துக்கு அருகே வெளியில் இருந்தது. சீல்காரர்களின் கொப்பரை. வார்ப்பிரும்பு, துரு ஏறிச் செம்பழுப்பு. சுற்றிவந்து பார்த்தேன். முழு வட்டம் இல்லை. இரண்டு பக்கம் தட்டையாக இருக்கிறது. செங்கல் அடுப்பில் ஒன்றோடொன்று ஒட்டி வரிசையாகப் பதிக்க வசதியாக அப்படி வார்ப்பார்களாம். உள்ளே மழைநீர், அதில் ஒரு பறவை இறகு. விளிம்பில் கை வைத்தேன்; கையுறையைத் தாண்டிக் குளிர் ஏறியது. ஒரு ஊருக்குப் பெயரைக் கொடுத்த பொருளைத் தொட்டுப் பார்க்க எத்தனை இடத்தில் முடியும்?

அருங்காட்சியகம் இருக்கும் வீடு ஆலை மேலாளருடையது. தேவாலயத்தை நார்வேயில் செய்து, துண்டுதுண்டாகக் கொண்டுவந்து பூட்டி, 1913 கிறிஸ்துமஸ் அன்று திறந்தார்கள். அதே ஆண்டு அக்டோபரில் சோல்வெய்க் யாக்கோப்சன் என்ற பெண் குழந்தை இங்கே பிறந்தது; குளிர்ந்த நீர் அமிழும் அந்தக் கோட்டுக்குத் தெற்கே பிறந்ததாகப் பதிவான முதல் குழந்தை.

மாலை புறப்படும்போது வழிகாட்டி ஹாட்ஜஸ் மலையின் பள்ளத்தைக் காட்டினார். அங்கே ஹாட்ஜஸ் பனியாறு இருந்தது. 2008க்குள் முழுதாக உருகிவிட்டது. வரைபடத்தில் பெயர் இன்னும் இருக்கிறது.

ஞாயிறு, ஓஷன் துறைமுகம்

காற்று. செயிண்ட் ஆண்ட்ரூஸ் விரிகுடாவில் இறங்குவது ரத்து. பெரிய பென்குயின் கூட்டம் அங்கேதான், ஆகவே சாப்பாட்டு அறையில் சோகம். எனக்கு லாபம். கப்பல் பார்ஃப் தீபகற்பத்தின் மறைவில் ஓஷன் துறைமுகத்தில் ஒதுங்கியது.

வழியில் காட்ஹுல் என்ற சிறு குடா வந்தது. நல்ல குழிவு என்று பொருள். கப்பலை நிறுத்திப் பார்த்தவன் வைத்த பெயர், சந்தேகமே இல்லை.

ஓஷன் துறைமுகத்துக்கு முதலில் இருந்த பெயர் புதிய ஃபார்ச்சூனா விரிகுடா. வடக்கே ஏற்கெனவே ஒரு ஃபார்ச்சூனா விரிகுடா இருந்தது. லார்சன் கொண்டுவந்த முதல் வேட்டைக் கப்பலின் பெயர் அது. ஒரே கரையில் இரண்டு ஃபார்ச்சூனா என்றால் குழப்பம் வராமல் இருக்குமா? பிறகு இங்கே ஆலை நடத்திய ஓஷன் கம்பெனியின் பெயரையே துறைமுகத்துக்கு வைத்துவிட்டார்கள். நம் ஊரில் ஒரே தாலுகாவில் மூன்று புதூர் இருந்தாலும் யாரும் மாற்றுவதில்லை என்று அக்கா பெருமூச்சு விட்டாள். அவள் தபால் உறைகளோடு மல்லுக்கட்டிய காலம் உண்டு.

குடாவில் பேயார்ட் என்ற மூன்று பாய்மர இரும்புக் கப்பல் சாய்ந்து கிடக்கிறது. 1911இல் கட்டு அறுத்துக்கொண்டு எதிர்ப் பாறையில் போய் மோதியது. அன்றிலிருந்து அங்கேதான். மேல்தளத்தில் டசக் புல் செழித்து வளர்ந்து, நீலக்கண் நீர்க்காகங்கள் கூடு கட்டியிருக்கின்றன. கரையில் 1820இல் இறந்த பிராங்க் கப்ரியல் என்ற சீல் கப்பல் பணியாளரின் கல்லறை. தீவில் அறியப்பட்டவற்றில் மிகப் பழையது. சீல்காரர்கள் பெயர் எழுதாமல் போனார்கள் என்று நேற்று எழுதினேன். தங்கள் இறந்தவர்களுக்கு எழுதியிருக்கிறார்கள்.

திங்கள், தென்முனை

காலையில் ராயல் விரிகுடாவைக் கடந்தோம், மறுபடியும் குக். அதன் உள்ளே மோல்ட்கே துறைமுகம்; 1882இல் ஜெர்மானிய அறிவியலாளர்களை இறக்கிய கப்பலின் பெயர். முதல் சர்வதேசத் துருவ ஆண்டுக்காக வந்து ஓராண்டு தங்கி வானிலையைப் பதிந்தவர்கள், அந்த டிசம்பரில் சூரியனை வெள்ளி கடந்ததையும் பார்த்துவிட்டார்கள். இந்த வானத்தில் அது சாதனை.

பிறகு டிரிகால்ஸ்கி ஃபியார்டு. செங்குத்துச் சுவர்கள், கோடியில் பனியாறு, பக்கவாட்டில் ஒரு இடுக்கு. அந்த இடுக்கின் பெயர் லார்சன் துறைமுகம். கிரிட்விக்கனை உருவாக்கியவருக்குக் கிடைத்தது ஆலை எதுவும் நில்லாத, வெடெல் சீல்கள் குட்டி போடும் ஒரு மூலை. “குத்தகைதாரருக்கு இதுவே அதிகம்” என்றாள் அக்கா, பழைய அலுவலகக் குரலில்.

மதியம் தென்முனையைச் சுற்றிக் காட்டக் கப்பல் தலைவர் ஒப்புக்கொண்டார். 1775 ஜனவரி 20. குக் மூன்று நாளாகக் கரையோரம் வருகிறார். இவ்வளவு பனியும் மலையும் இருப்பதால் இது அவர் தேடி வந்த பெரிய தென்கண்டத்தின் விளிம்பாக இருக்கலாம் என்ற நம்பிக்கை. இந்த முனையைத் தாண்டியதும் கரை வடமேற்கே திரும்பி, தான் முதலில் பார்த்த முனையை நோக்கியே ஓடுவது தெரிந்தது. கண்டம் இல்லை, எழுபது லீக் சுற்றளவுள்ள ஒரு தீவு. முனைக்கு ‘ஏமாற்றம்’ என்று பெயர் வைத்தார்.

மன்னர், மன்னரின் தம்பி, அரசி என்று கரை நெடுகப் பெயர் வழங்கிக்கொண்டே வந்த மனிதர் இங்கே யாரையும் மகிழ்விக்கவில்லை. தனக்கு என்ன நேர்ந்ததோ அதை எழுதினார். குக் இந்தத் தீவில் வைத்த பெயர்களில் எனக்குப் பிடித்தது இது ஒன்றுதான். ஆண்டர்சனின் கொப்பரையோடு ஒரே பலகையில் உட்காரும் தகுதி இதற்கு உண்டு.

முனை சரியாகத் தெரியவில்லை. கறுப்புப் பாறையின் அடிப்பகுதி, மேலே மேகம், நடுவே பெட்ரல் பறவைகள். கப்பல் இப்போது தென்மேற்கே திரும்பி யானைத் தீவை நோக்கிப் போகிறது. அலை எதிரிலிருந்து வருமாம். மேஜைமேல் எதையும் வைக்க வேண்டாம் என்று ஒலிபெருக்கியில் சொல்லிவிட்டார்கள். இணைப்பு கிடைத்தால் அங்கிருந்து எழுதுகிறேன்.